பன்னிரண்டு கணினிகளுக்குக் கவ்வாத்து

ஒழுங்காக ஓடிக்கொண்டிருக்கும் ஒரு பொருளைப் பார்த்தால் எனக்குக் கை அரிக்கும். ஓடாத பொருளைக்கூட விட்டுவிடுவேன். நன்றாக ஓடுவதை இன்னும் நன்றாக ஓடவைக்க வேண்டும் என்றுதான் தோன்றும். இந்தக் குணத்தால் எங்கள் வீட்டில் ஒரு மின்விசிறி, ஒரு சுவர்க் கடிகாரம், அக்காவின் தையல் மெஷின் ஆகிய மூன்றும் அகால மரணம் அடைந்திருக்கின்றன. (தையல் மெஷினை நான் திறந்தபோது அதற்கு உயிர் இருந்தது என்று அக்கா இன்றும் சாதிக்கிறாள்.) அவையெல்லாம் வீட்டோடு முடிந்த விஷயங்கள். ஊரறிய என் மானம் போனது பதுளையில், ஒரு கணினிப் பயிற்சி நிலையத்தில், பரீட்சைக்கு முந்தின நாள்.

அப்போது எனக்கு இருபத்தைந்து வயது. நகரத்தில் ஒரு பேக்கரிக்கு மேல்மாடியில் இருந்தது அந்த நிலையம். நான் விரிவுரையாளராகச் சேர்ந்து சில மாதங்கள் ஆகியிருந்தன. விரிவுரையாளர் என்பது நியமனக் கடிதத்தில் இருந்த சொல். நடைமுறையில் ஒரு நீள அறை, பன்னிரண்டு கணினிகள், அவற்றுக்கு நான். கீழே பாண் வேகும் வாசனை மேலே ஏறி வந்துவிட்டால் என் விரிவுரையை யாரும் கேட்பதில்லை, நான் உட்பட.

மாணவர்கள் பெரும்பாலும் தேயிலைத் தோட்டத்துப் பிள்ளைகள். லுணுகலையிலிருந்தும் ஹாலிஎலவிலிருந்தும் விடியற்காலை பஸ் பிடித்து வருவார்கள். நானும் தோட்டத் தொழிலாளர் குடியிருக்கும் லயத்தில் பிறந்து வளர்ந்தவன்தான் என்று தெரிந்ததும் அவர்களுக்கு என் மேல் அலாதி நம்பிக்கை. 'நம்ம சேர்' என்றுதான் சொல்லுவார்கள். நான் தண்ணீரில் குதிக்கச் சொன்னால் குதித்துவிட்டு, பிறகுதான் நீச்சல் தெரியாது என்பதை நினைத்துப் பார்ப்பார்கள். அந்த நம்பிக்கைக்கு நான் செய்த கைம்மாறுதான் இந்தக் கதை.

அவர்களில் யோகா என்ற யோகேஸ்வரியைப் பற்றி முதலில் சொல்ல வேண்டும். லுணுகலைப் பக்கத்துத் தோட்டத்துப் பெண். வகுப்பிலேயே கெட்டிக்காரி, ஆனால் வாயைத் திறக்கமாட்டாள். கேள்வி கேட்டால் பதிலை எழுதிக் காட்டுவாள். அம்மாமார் கொழுந்து பறிக்கப் போகும்போது கைக்குழந்தைகளை விட்டுச் செல்லும் பிள்ளைக்காம்பராவில் வளர்ந்தவள். இறுதிப் பரீட்சைக்கு அவள் எழுதியிருந்த மென்பொருளும் அந்தப் பிள்ளைக்காம்பராவுக்குத்தான். எந்தக் குழந்தைக்கு எந்தத் தடுப்பூசி எப்போது போட வேண்டும், எந்தக் குழந்தைக்குப் பால் ஒத்துக்கொள்ளாது, அவசரத்துக்கு எந்த மலையில் வேலை செய்யும் அம்மாவைக் கூப்பிட வேண்டும் எல்லாம் அதில் வரும். பார்த்தபோது எனக்குப் பொறாமையே வந்தது. அந்த வயதில் நான் எழுதிய மென்பொருள் இரண்டு எண்களைக் கூட்டும். சில நாள் சரியாகவும் கூட்டும்.

கொழும்பில் ஒரு நிறுவனம் அவளுக்கு வேலை தருவதாகச் சொல்லியிருந்தது. நிபந்தனை ஒன்றுதான், இந்தப் பரீட்சையில் தேறியிருக்க வேண்டும். தவறவிட்டால் அடுத்த பரீட்சை ஆறு மாதம் கழித்து. அதுவரை அந்த நாற்காலி காத்திருக்காது. வீட்டில் அவளுடைய மாமா ஏற்கெனவே மொனராகலையில் ஒரு தையல் தொழிற்சாலையில் அவளுக்காகச் சொல்லி வைத்திருந்தார். ஆக அவளுக்கு எல்லாமே அந்த ஒரு நாள்தான்.

இன்னொருவர் திலகா மிஸ். நிலையத்தின் வரவேற்பு மேசையில் இருப்பவர், ஹாலிஎலக்காரி. மாணவர்களைச் சேர்ப்பது, மின்கட்டணக்காரரைச் சமாளிப்பது, பஸ்ஸைத் தவறவிட்ட பிள்ளையின் வீட்டுக்குப் போன் போடுவது எல்லாம் அவர்தான். கொழும்பிலிருந்த எங்கள் பணிப்பாளர் எப்போதாவது வந்து போவார். நிலையத்தை நடத்தியது திலகா மிஸ். எனக்கு அவரைக் கண்டால் பயம். (பயம் என்றுதான் அப்போது நினைத்துக்கொண்டிருந்தேன்.)

இனி விஷயத்துக்கு வருகிறேன். மென்பொருள் எழுதுவதற்கென்றே ஒரு பெரிய செயலி உண்டு. அதை ஒரு பட்டறை என்று வைத்துக்கொள்ளுங்கள். பட்டறையில் சுத்தியல், அரம், துரப்பணம் என்று தனித்தனிக் கருவிகள் இருப்பது போல இதற்குள்ளும் பல உறுப்புகள். கைப்பேசிக்கு எழுத ஒன்று, விளையாட்டுக்கு ஒன்று, தரவுத்தளத்துக்கு ஒன்று. 'மொடிஃபை' என்ற பொத்தானை அழுத்தினால் எல்லாம் ஒரு பட்டியலாக வரும். வேண்டியதற்கு டிக் போடலாம், வேண்டாததன் டிக்கை எடுத்துவிடலாம். எனக்கு முன்பு இருந்தவர் இருந்த எல்லாவற்றுக்கும் டிக் போட்டுவிட்டுப் போயிருந்தார். அதனால் கணினிகள் திணறின. காலையில் செயலியைத் திறந்துவிட்டு, கீழே போய்த் தேநீர் குடித்து, மீன் வைத்த மாலுபாண் ஒன்றும் தின்றுவிட்டு வந்தால் அப்போதுதான் திறந்து முடிந்திருக்கும். யாரும் குறை சொல்லவில்லை. எல்லோருக்கும் அந்த மாலுபாண் பிடித்திருந்தது.

எனக்குத்தான் கை அரித்தது. மறுநாள் கொழும்பிலிருந்து பரீட்சகர் வருகிறார். அவர் முன்னால் கணினிகள் பாய்ந்து ஓட வேண்டாமா? காலையில் பன்னிரண்டு பேரையும் அவரவர் கணினி முன் உட்காரவைத்து ஒரு சொற்பொழிவு ஆற்றினேன்.

"கவ்வாத்துன்னா என்னன்னு ஒங்களுக்கு நான் சொல்லணுமா?" என்று ஆரம்பித்தேன்.

அந்தப் பிள்ளைகளுக்குச் சொல்லத் தேவையில்லை, உங்களுக்குச் சொல்லிவிடுகிறேன். சில வருடங்களுக்கு ஒரு முறை தேயிலைச் செடியை இலை இல்லாமல், வெறும் கிளை மட்டும் நிற்கும்படி வெட்டிவிடுவதுதான் கவ்வாத்து. வெட்டிய மலையைப் பார்த்தால் இனி இது பிழைக்காது என்று தோன்றும். பிறகு தளிர்க்கும் பாருங்கள், அப்படித் தளிர்க்கும்.

"வேண்டாத கெளைய வெட்டுனாத்தான் கொழுந்து வரும். இதுவும் அப்புடித்தான். இன்னைக்கு இந்தப் பன்னெண்டுக்கும் கவ்வாத்து" என்றேன்.

வேறு ஊர்ப் பிள்ளைகளாக இருந்திருந்தால் யாராவது ஒருவன் கொஞ்சம் சந்தேகப்பட்டிருப்பான். இவர்கள் எல்லோரும் கவ்வாத்துக்குப் பிறகு மலை பச்சை பிடிப்பதைப் பார்த்து வளர்ந்தவர்கள். உவமை அப்படியே உள்ளே இறங்கிவிட்டது. பன்னிரண்டு தலைகளும் ஆடின. யோகா மட்டும் கையைத் தூக்கினாள். அவள் வாய் திறந்து கேட்ட முதல் கேள்வி அது.

"சேர், கவ்வாத்து வெட்டுன மலையில கொழுந்து எடுக்க மூணு நாலு மாசம் ஆகுமே சேர். நமக்கு நாளைக்கில்ல பரீட்சை?"

புத்தியுள்ளவன் அங்கேயே நின்றிருப்பான். நான் சிரித்தேன். "இது கம்பியூட்டர் கவ்வாத்து. மூணு நிமிஷத்துல தளுத்துரும்" என்றேன்.

இதிலே இன்னொரு கூத்து. கணினி வேலை தெரிந்த எவனும் முதலில் ஒரு கணினியில் செய்து பார்ப்பான். சரியாக இருந்தால் மற்றவற்றைத் தொடுவான். எனக்கோ கவ்வாத்து தலைக்கேறியிருந்தது. தோட்டத்தில் ஒரு செடியை வெட்டி, அது பிழைக்கிறதா என்று காத்திருந்து, பிறகு அடுத்த செடிக்குப் போவார்களா? மலை என்றால் முழு மலையும் ஒன்றாகத்தான். எனவே நான் முன்னால் கைகட்டி நின்று ஒரு கங்காணியைப் போல உத்தரவு கொடுத்தேன். இது வேண்டாம், எடு. அது வேண்டாம், எடு. பெயர் கம்பீரமாக இருந்ததையெல்லாம் விட்டுவைத்தேன். பெயர் சின்னதாக, பார்க்கப் பாவமாக இருந்ததையெல்லாம் நீக்கச் சொன்னேன். கடைசியில் பன்னிரண்டு பேரும் ஒரே நேரத்தில் பொத்தானை அழுத்தினார்கள்.

செயலி நொடியில் திறந்தது. மாலுபாணுக்கு அவகாசமே இல்லை. பிள்ளைகள் கைதட்டினார்கள். நான் தலையைக் குனிந்து அந்தக் கைதட்டலை ஏற்றுக்கொண்டேன்.

பிறகு அவரவர் பரீட்சை வேலையைத் திறந்தார்கள். கைதட்டல் நின்றது. ஒவ்வொரு திரையிலும் அவர்கள் மாதக்கணக்கில் எழுதிய வேலையின் பெயர் சாம்பல் நிறத்தில் இருந்தது. பக்கத்தில், 'கிடைக்கவில்லை' என்று ஆங்கிலத்தில் ஒரு சொல். அவர்கள் எழுதிய எதுவும் அழியவில்லை. அதைத் திறந்து ஓட்டுகிற கருவிகள்தான் இல்லை. நான் பாவமாக இருக்கிறது என்று நீக்கிய அந்தச் சின்னப் பெயர்கள்தான் திரையில் படிவம் காட்டும் உறுப்பும், தரவுகளைத் தாங்கும் உறுப்பும்.

"இது எதிர்பார்த்ததுதான்" என்றேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை.

திரும்பச் சேர்க்க வேண்டும் என்று மறுபடி டிக் போடச் சொன்னேன். பன்னிரண்டும் ஒரே நேரத்தில் இணையத்துக்குப் பாய்ந்தன. எங்கள் இணைப்பு ஜன்னல் கம்பியில் கட்டித் தொங்கவிட்ட ஒரு சின்ன டொங்கிள். மழை மேகம் வந்தால் அதுவும் தூங்கிவிடும். திரையில் பச்சைக் கோடு ஒரு நூலளவு நகர்ந்து நின்றது. இந்த வேகத்தில் எப்போது முடியும் என்று மனக்கணக்குப் போட்டுப் பார்த்தேன். தீபாவளி தாண்டியது.

யோகா அழவில்லை. தண்ணீர்ப் போத்தலின் மூடியைத் திறப்பதும் மூடுவதுமாக இருந்தாள். அழுதிருந்தால் பரவாயில்லை என்று இருந்தது. என் வாழ்க்கையில் அவ்வளவு வெட்கப்பட்டதில்லை, அவ்வளவு பயந்ததுமில்லை.

வகுப்பில் சத்தமில்லை என்றதும் திலகா மிஸ் எழுந்து வந்துவிட்டார். எங்கள் வகுப்பில் அமைதி என்பது அவ்வளவு அபூர்வம்.

"என்னா நடந்துச்சு?"

சொன்னேன். கவ்வாத்து உவமையையும் சொன்னேன். அவர் என்னை ஒரு பார்வை பார்த்தார். அந்தப் பார்வையை இங்கே எழுதினால் பத்திரிகை போடாது.

"திட்டுறத அப்பறம் வச்சிக்குவோம். இப்ப ஒங்களுக்கு என்னா வேணும்? அத மட்டும் சொல்லுங்க."

"நல்ல லைன் வேணும் மிஸ். ஒரு கம்பியூட்டர்ல ஒரு தடவ எல்லாத்தையும் எறக்கிட்டா, டிஸ்க்குல ஏத்திக் கொண்டாந்து மத்ததுக்குப் போட்டுறலாம்."

"லைன் மட்டும் போதுமா?"

"போதும்."

"ஒங்க லெப்டொப்ப எடுத்துக்குங்க, போவோம்."

இங்கே நான் கொஞ்சம் இருமினேன். என் மடிக்கணினியின் விசிறியைச் சுத்தம் செய்கிறேன் என்று கழற்றி, பூட்டும்போது இரண்டு திருகு மிச்சமாகி, அது ஒரு வாரமாக ரிப்பேர் கடையில் இருந்தது. அதைக் கேட்டுத் திலகா மிஸ் நேராகப் போய் யோகாவின் கணினியின் வயர்களைப் பிடுங்க ஆரம்பித்தார். "நீ இதத் தூக்கு. நீ திரையத் தூக்கு. சேர், நீங்க எதையும் தொடாம வாங்க" என்றார். போகிற வழியிலேயே கைப்பேசியில் பேசி முடித்துவிட்டார். பேசியது கடைத்தெருவில் இருந்த ஒரு பெரிய துணிக்கடை முதலாளியோடு. அந்தக் கடைக்குப் புதிதாக வேகமான இணைப்பு போட்டிருந்தார்கள் என்று அவருக்குத் தெரியும். பதுளையில் யாருக்கு என்ன வந்தாலும் அவருக்குத் தெரியும்.

படியிறங்கும்போதே மழை பிடித்துக்கொண்டது. கடைத்தெரு வழியாக எங்கள் ஊர்வலம் போனது. முன்னால் கணினிப் பெட்டி, நடுவில் திரை, பின்னால் விசைப்பலகை. இருந்த மூன்று குடைகளையும் பிள்ளைகள் பெட்டிக்கும் திரைக்கும் பிடித்தார்கள். விரிவுரையாளர் நனைந்தார். எதிரே வந்த ஒருவர், "என்னா சாமி இது?" என்று கேட்டார்.

துணிக்கடை முதலாளி வயதானவர். தாத்தா காலத்தில் இந்தியாவிலிருந்து வந்து கடை போட்ட குடும்பம். எங்களைப் பார்த்ததும் ஏன், எதற்கு என்று ஒன்றும் கேட்கவில்லை. "மொதல்ல அந்தப் பெட்டியத் தொடைங்க, நனைஞ்சிருக்கு" என்று ஒரு புதுத் துவாயை எடுத்துக் கொடுத்தார். இணைப்புப் பெட்டி சேலைப் பிரிவில் இருந்ததால் சேலை விரித்துக் காட்டும் மேசையிலேயே எங்களுக்கு இடம். தீபாவளி நெருங்கும் காலம், கடை நிறையக் கூட்டம். அந்தக் கூட்டத்தின் நடுவில், பட்டுக்கும் நைலெக்ஸுக்கும் இடையில், கணினியை முடுக்கினோம்.

பச்சைக் கோடு நகர்ந்தது! கண்ணுக்குத் தெரிந்து நகர்ந்தது. எனக்குக் கண் கலங்கியது.

ஆனால் வியாபாரத்தை நிறுத்த முடியுமா? விற்பனை செய்யும் பையன்கள் பழக்கதோஷத்தில் சேலைகளை விரித்து விரித்துக் கணினிப் பெட்டியின் மேலேயே போட்டார்கள். பெட்டி சூடேறி உறுமியது. ஒவ்வொரு சேலையாக நான் எடுத்து மடித்துக்கொண்டே இருந்தேன். கல்யாணத்துக்குக் கூறைச் சேலை எடுக்க வந்த ஒரு குடும்பத்தின் பெரியம்மா என்னைக் கடை ஆள் என்று நினைத்துவிட்டார்.

"தம்பி, இதுலயே அரக்குக் கலர் இருக்கா?"

"தெரியாதுங்க, நான்..."

"பின்ன அந்தக் கம்பியூட்டர்ல பாத்துச் சொல்லுங்க. சும்மாவா வச்சிருக்கீங்க?"

முதலாளி வந்து காப்பாற்றினார். விஷயத்தைச் சுருக்கமாகக் கேட்டார். கேட்டவுடன் கடையில் பாட்டு ஓடிக்கொண்டிருந்த பெரிய திரையை நிறுத்தச் சொன்னார். மாடியில் விளையாடிக்கொண்டிருந்த பேரனிடம், "டேய், அந்தப் போன மூடி வையி. இங்க புள்ளைங்களுக்குப் பரீட்ச!" என்று சத்தம் போட்டார். பச்சைக் கோடு இன்னும் வேகம் பிடித்தது. என்ன மனுஷர்! திலகா மிஸ்ஸைத் தவிர எங்களில் ஒருவரையும் அவருக்கு முன்பின் தெரியாது.

பிறகு ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்து யோகாவைப் பார்த்தார். "நீ என்னாம்மா செஞ்சிருக்க? எனக்கும் சொல்லேன்."

யோகா என்னைப் பார்த்தாள். நான் திரையைப் பார்த்தேன். திரையில் காட்ட ஒன்றுமில்லை, கோடு மட்டும்தான் ஓடுகிறது. எழுதிக் காட்டவும் அங்கே இடமில்லை. மேசையில் கிடந்த வெற்றுச் சேலைப் பெட்டிகளை இழுத்து வரிசையாக அடுக்கினாள்.

"இந்த ஒவ்வொரு பொட்டியும் ஒரு புள்ளன்னு வச்சிக்குங்க. இது ரெண்டு மாசப் புள்ள. இதுக்கு ஊசி போடணும். இந்தா, இந்தப் புள்ளைக்கு மாட்டுப் பால் ஆகாது. காம்பராவுல இருக்கிற ஆயாவுக்கு அது எப்புடித் தெரியும்? பழைய ஆயாவுக்குத் தெரியும், புது ஆயா வந்தா?"

பெட்டியைத் திறந்தாள், மூடினாள், இடம் மாற்றினாள். ஒரு குழந்தைக்குக் காய்ச்சல் வந்தது. அதன் அம்மா எந்த மலையில் நிற்கிறாள் என்று கண்டுபிடித்து ஆள் அனுப்பினாள். கூறை எடுக்க வந்த குடும்பம் சேலையை விட்டுவிட்டு அவளைப் பார்த்தது. பெரியம்மா நடுவில் புகுந்து, "இரட்டப் புள்ளைங்கன்னா என்னா பண்ணுவ?" என்று கேட்டார். யோகா யோசித்தாள். "அதுக்கு நான் எழுதல. இப்ப எழுதிருறேன்" என்றாள். கடை முழுவதும் சிரித்தது. அவளும் சிரித்தாள்.

நான் மடித்த சேலையைக் கையில் வைத்துக்கொண்டு வாய் பிளந்து நின்றேன். மாதக்கணக்கில் என் வகுப்பில் ஒரே ஒரு கேள்விக்கு மட்டும் வாய் திறந்த பெண் ஒரு தீபாவளிக் கூட்டத்துக்கு முன்னால் தரவுத்தளம் நடத்துகிறாள். அவளைப் பேச வைக்க நான் எத்தனையோ வித்தைகள் செய்து பார்த்திருந்தேன். அதில் பாடம் எதுவும் பலிக்கவில்லை, அழிவுதான் பலித்தது. திலகா மிஸ் என் பக்கத்தில் வந்து, "வாய மூடுங்க சேர், சேலையில எச்சி விழுந்துரும்" என்றார். அவர் கண்ணும் கலங்கித்தான் இருந்தது.

சாயங்காலம் இறக்கி முடிந்தது. திரும்பி வந்து டிஸ்க்கிலிருந்து ஒவ்வொரு கணினியாக ஏற்றத் தொடங்கினோம். லுணுகலை பஸ் போய்விடும் என்று சில பிள்ளைகள் தவித்தார்கள். திலகா மிஸ் எல்லா வீட்டுக்கும் போன் போட்டுச் சொல்லிவிட்டு, பெண் பிள்ளைகளைத் தன் வீட்டுக்கே கூட்டிப் போனார். மிச்சக் கணினிகளை மறுநாள் காலையில், பேக்கரியில் முதல் பாண் வெளிவரும் நேரத்தில் வந்து முடித்தோம். இந்த முறை ஒன்றைச் செய்து, திறந்து பார்த்து, பிறகுதான் அடுத்ததைத் தொட்டேன். இடையில் யோகா இரட்டைக் குழந்தைகளுக்கும் எழுதிவிட்டாள்.

பரீட்சகர் வந்தார். செயலி பழையபடி மெதுவாகத்தான் திறந்தது. தேவையானதற்கு மட்டுமல்லாமல், பட்டியலில் இருந்த எல்லாவற்றுக்கும் பயத்தில் மறுபடி டிக் போட்டுவிட்டிருந்தேன். அது திறக்கும் வரை அவர் சும்மா உட்கார்ந்திருக்க வேண்டாமே என்று யோகா கையை ஆட்டிப் பேசியே விளக்கத் தொடங்கினாள். திறந்து முடிந்தபோது அவர் திரையைப் பார்க்கவில்லை, அவளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். பன்னிரண்டு பேரும் தேறினார்கள். யோகா கொழும்புக்குப் போனாள். மொனராகலையில் வேலைக்குச் சொல்லி வைத்திருந்த மாமாதான் அவளைப் பஸ் ஏற்றிவிட வந்தார். என் கையைப் பிடித்து, "நீங்க நல்லா இருக்கணும் சேர்" என்றார். அந்த ஆசீர்வாதத்தை எங்கே வைப்பது என்று தெரியாமல் விழித்தேன்.

இது நடந்து சில வருடங்கள் ஆகின்றன. கொழும்பு நிறுவனத்தில் புதிதாகச் சேருபவர்களின் கணினியில் எந்தெந்த உறுப்புகள் இருக்க வேண்டும் என்று பார்த்துப் போட்டுக் கொடுப்பதும் இப்போது யோகாவின் பொறுப்பு. ஒவ்வொருவரையும் உட்காரவைத்து முதலில் என் கதையைச் சொல்லிவிட்டுத்தான் மவுஸைக் கையில் கொடுப்பாளாம். போன தீபாவளிக்கு எங்கள் வீட்டுக்கு வந்தபோது, என் மாமியார் முன்னாலேயே அதைச் சொன்னாள்.

"கதை முடிஞ்சோன்ன எல்லாரும் ஒரே கேள்விதான் கேக்குறாங்க சேர். அந்த சேர வேலைய விட்டுத் தூக்கிட்டாங்களான்னு."

"நீ என்னா சொன்ன?"

"இல்லைங்க, திலகா மிஸ்ஸுக்குக் கட்டிக் குடுத்துட்டாங்கன்னு சொன்னேன். அத மட்டும் அவரால கழட்ட முடியாதுன்னும் சொன்னேன்."

என் மாமியாருக்குச் சிரித்ததில் தேநீர் புரையேறிவிட்டது. திலகாதான் தன் அம்மாவின் தலையில் தட்டினாள். அன்றிலிருந்து எங்கள் குடும்பத்து விசேஷம் எதிலும், மாப்பிள்ளை என்ன செய்கிறார் என்று யாராவது கேட்டால், என் மாமியார் என் படிப்பையும் சொல்வதில்லை, வேலையையும் சொல்வதில்லை. "எங்க வீட்ல பூட்டி வச்சிருக்கோம்" என்கிறார்.